கடலுக்குள் போன தொகுதியின் பிரதிநிதி

வாசகப் பெருமக்களே, மொன்றியல் மாநகரில் பனி கொட்டுவதும், பனி விட்டவுடன் வீதியெல்லாம் தெருத் திருத்த வேலைக்கான செம்மஞ்சள் கூம்புகள் முளைப்பதும், எந்த விழாவானாலும் முதல் வரிசையில் ஒருவர் வந்து அமர்வதும் யாராலும் தடுக்க முடியாதவை. பனியையும் கூம்பையும் மாநகரசபை பார்த்துக்கொள்ளட்டும். அந்த ஒருவரைப் பற்றித்தான் இன்று நம் பேச்சு.

ஆளில்லாத் தொகுதியின் பிரதிநிதி என்று அவருடைய இனத்துக்குப் பெயர் வைத்திருக்கிறேன். அவர் ஓர் இடத்துக்காகப் பேசுவார், வாதாடுவார், மேசையில் தட்டுவார், வெளிநடப்புச் செய்வார், தேநீர் வந்துவிட்டது என்று தெரிந்தால் பின்கதவால் உள்நடப்பும் செய்வார். ஆனால் அந்த இடத்தில் யார் இருக்கிறார்கள் என்று போய்ப் பார்த்தால் ஒருவரும் இருக்கமாட்டார்கள். ஒரு காலத்தில் இருந்தார்கள். அந்தக் காலம் போய்விட்டது, ஆட்கள் போய்விட்டார்கள், நாற்காலி மட்டும் போகவில்லை. நாற்காலி தானாக எழுந்து நடக்குமா என்ன?

இவரை அடையாளம் காண்பது எளிது. ‘எப்பிடி அண்ணை, சுகமோ?’ என்று கேட்டுப் பாருங்கள். சாதாரண மனிதன் ‘ஓம், இருக்கிறன்’ என்று சொல்லிவிட்டுப் போவான். இவர், ‘நாலாம் வட்டாரத்தைப் பொறுத்தவரையில...’ என்று தொடங்குவார். கல்யாண வீட்டில் மணமக்களை வட்டாரத்தின் சார்பில் வாழ்த்துவார். செத்த வீட்டில் வட்டாரத்தின் சார்பில் கண்கலங்குவார். தெருமுனைத் தெப்பனர் கடையில் ஒரு பெட்டி பால் வாங்கிவிட்டு அவர் பிரெஞ்சில் நன்றி சொல்லும் ‘மெர்சி’ கூட, பின்னால் ஒரு பெருஞ்சனம் நின்று அவரைச் சொல்லவைப்பது போலத்தான் இருக்கும்.

பொதுவாகச் சொல்லிக்கொண்டே போனால், நான் யாரையோ மனதில் வைத்துக் குத்துகிறேன் என்பீர்கள். வீண் சந்தேகம் எதற்கு? பெயரைச் சொல்லியே குத்திவிடுகிறேன். ஆனந்தராசா. பியர்பொன்ட்ஸில் சொந்த வீடு, வாசலில் இரண்டு கார், பின்வளவில் கோடையில் மட்டும் காய்க்கும் பயிற்றங்காய்ப் பந்தல், எல்லாவற்றையும் பொறுத்துக்கொள்ளும் மனைவி ஜெகதீஸ்வரி. ஆனால் அவர் பிரதிநிதியாக இருப்பது பியர்பொன்ட்ஸுக்கு அல்ல. அங்கிருந்து கார் ஓடிப் போகவேண்டிய கோட்-டி-நேஜில், பக்கத்துப் பக்கத்தில் நின்ற மூன்று தொடர்மாடிக் கட்டடங்களுக்கு.

எண்பதுகளில் எங்கள் சனம் இலங்கையிலிருந்து வந்து இறங்கியபோது அந்தக் கட்டடங்களில்தான் நிறைந்து வழிந்தது. ஓர் அறையில் ஆறு பேர் படுத்தார்கள். அவர்களில் நான்கு பேர் முறை வைத்துத்தான் படுத்தார்கள். அப்போது ஆர்வமுள்ளவர்கள் கூடி வட்டாரப் பேரவை என்று ஓர் அமைப்பைத் தொடங்கி, தமிழர் வாழ்ந்த இடங்களைப் பிரித்து, வட்டாரத்துக்கு ஒரு பிரதிநிதி, வட்டாரத்துக்கு ஒரு சனிக்கிழமைத் தமிழ் வகுப்பு என்று விதிகள் வகுத்து யாப்பு எழுதினார்கள். அந்த மூன்று கட்டடங்களும் சேர்ந்து நான்காம் வட்டாரம் ஆயிற்று. நல்ல ஏற்பாடுதான், குறை சொல்ல முடியாது. பிறகு சனம் உழைத்தது, வீடு வாங்கியது, லவாலுக்கும் பியர்பொன்ட்ஸுக்கும் ரொறன்ரோவுக்கும் பறந்தது. ஒரு கட்டடத்தை இடித்துக் கார் தரிப்பிடம் ஆக்கினார்கள். இன்னொன்றை, நாங்கள் வாசலில் நின்று பார்க்க மட்டுமே முடிந்த விலையுயர்ந்த கொண்டோ வீடுகள் ஆக்கினார்கள். மூன்றாவதில் மிஞ்சியிருந்த ஒரே தமிழர் பத்திநாதர். யாப்பை மட்டும் யாரும் தொடவில்லை.

ஆக, ஆனந்தராசாவின் வாக்காளப் பெருமக்கள் என்பது பத்திநாதர் ஒருவரே. மன்னார்க்காரர், பிஸ்கட் தொழிற்சாலையில் உழைத்து ஓய்ந்தவர், தனிக்கட்டை. ஆனால் தன்னுடைய வாக்கின் மதிப்பை அவரைப்போல் உணர்ந்த குடிமகன் கனடாவில் வேறு இல்லை. பேரவைத் தேர்தல் நெருங்கும்போது ஆனந்தராசா ஒரு பெட்டியோடு படியேறி வருவார்.

‘என்ன தம்பி, எலெக்சன் வருதுபோல?’

‘எப்பிடி அண்ணை கண்டுபிடிச்சனீங்கள்?’

‘மட்டன் ரோல்ஸ் மணக்குது.’

ஒரு தடவை பத்திநாதர், இந்த முறை யாருக்குப் போடுவது என்று தான் இன்னும் முடிவெடுக்கவில்லை என்று சும்மா சொல்லிவைத்தார். மறுநாள் ரோல்ஸுக்குத் துணையாக ஆட்டிறைச்சிப் புரியாணியும் வந்து சேர்ந்தது. எதிர்த்துப் போட்டியிட ஒருவரும் இல்லை என்பது இரண்டு பேருக்கும் தெரியும். தெரிந்தால் என்ன, தேர்தல் என்றால் தேர்தல்தானே?

இப்பேர்ப்பட்டவருக்கு, பிரித்தானிய நாடாளுமன்றத்தின் பழைய தொகுதி ஒன்றின் வரலாறு தலைகீழ்ப் பாடம் என்றால் நம்புவீர்களா? இங்கிலாந்தில் இருக்கும் தங்கை வீட்டுக்குப் போயிருந்தபோது, மச்சான் கிழக்குக் கடற்கரையைக் காட்டக் கூட்டிக்கொண்டு போனாராம். மழை பிடித்துக்கொண்டது. ஒதுங்க அகப்பட்டது ஒரு சிறிய அருங்காட்சியகம். மழை விடும்வரை சுவரில் இருந்ததை எல்லாம் ஆனந்தராசா வாசித்தார். கூடப் போனவர்களுக்குத் தடிமன் பிடித்தது. இவருக்கு வரலாறு பிடித்துவிட்டது. தடிமன் ஒரு கிழமையில் போய்விடும்.

அந்த ஊரின் பெயர் டன்னிச். கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன், அவர் சொல்லமாட்டார். நடுக்காலத்தில் அது பெரிய துறைமுகம். கப்பல் என்ன, சந்தை என்ன, தேவாலயங்கள் என்ன! அந்த மதிப்பில், பதின்மூன்றாம் நூற்றாண்டின் கடைசியிலிருந்து நாடாளுமன்றத்துக்கு இரண்டு உறுப்பினர்களை அனுப்பும் உரிமை அதற்குக் கிடைத்தது. பிறகு புயல்கள் வந்தன. மண் வந்து துறைமுகத்தை அடைத்தது, கடல் தெருத் தெருவாக ஊரைத் தின்றது, தேவாலயங்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் சரிந்து தண்ணீரில் விழுந்தன. கப்பல் போயிற்று, சந்தை போயிற்று, சனமும் போயிற்று. போகாமல் நின்றவை அந்த இரண்டு உறுப்பினர் பதவிகள்தான். ஊரின் பெரும்பகுதி கடலடியில் கிடக்க, மிஞ்சிய ஒரு கைப்பிடி வாக்காளர்கள் நூற்றாண்டுக்கணக்கில் இரண்டு பேரை அனுப்பிக்கொண்டே இருந்தார்கள். அதே நேரம், ஆலையும் சனமுமாகப் பொங்கி வழிந்த மான்செஸ்டர் நகருக்குத் தனக்கென்று ஓர் உறுப்பினர்கூட இல்லை. 1832இல் சீர்திருத்தச் சட்டம் வந்துதான் டன்னிச் தொகுதியைக் கலைத்தது, மான்செஸ்டருக்கு இடம் கொடுத்தது.

இவ்வளவும் வரலாறு. வாக்காளர்கள் வள்ளத்தில் ஏறிப்போய், தங்கள் பழைய தெரு இருந்த இடத்துக்கு நேர் மேலே மிதந்துகொண்டு வாக்களித்தார்கள் என்று ஆனந்தராசா சேர்த்துக்கொள்வதற்கு நான் தேடியவரையில் ஆதாரம் அகப்படவில்லை. ஆனால் அந்தக் கட்டம் வரும்போது அவர் துடுப்புப் போடும் அழகை நீங்கள் பார்க்கவேண்டும். பிறந்தநாள் விழாவோ, பெண்பிள்ளை பெரியவளான சாமத்திய வீடோ, எங்கே இலையைப் போட்டாலும் அவர் சோற்றை ஊராகக் குவித்து, சொதியைக் கடலாக ஊற்றி, கத்தரிக்காய்த் துண்டுகளைத் தேவாலயங்களாக நட்டு, ஒவ்வொன்றாகச் சரித்துக் காட்டுவார்.

‘இஞ்சாருங்கோ, ஊர் ஆறுது. சாப்பிட்டிட்டுச் சொல்லுங்கோவன்’ என்பார் ஜெகதீஸ்வரி.

‘உமக்கு வரலாற்றின்ர அருமை விளங்காது.’

கதையைச் சொல்லி முடித்ததும் அவர் அதைச் சும்மா விடமாட்டார். யாருக்காவது பொருத்துவார். பழைய மாணவர் சங்கப் பொருளாளர் பதவியை விடமாட்டேன் என்கிறாரா? ‘உது டன்னிச் கேஸ்.’ கோயில் சபைத் தலைவர் கோயிலுக்கே வருவதில்லையா? ‘சுத்த டன்னிச்.’ தொலைக்காட்சியில் யாரோ ஓர் அரசியல்வாதி பேசுகிறாரா? ‘பாரும், பாரும், ஆள் டன்னிச்சேதான்.’ உலகத்தில் டன்னிச் இல்லாத இடமே அவர் கண்ணுக்குத் தெரிவதில்லை. ஒரேயோர் இடம் மட்டும் தப்பிவிட்டது. அது எது என்று நான் சொல்லவும் வேண்டுமா?

இனி நிரோஜாவிடம் வருகிறேன். லவாலில் வசிக்கும் இளம் தாய், வங்கியில் வேலை. லவாலில் இப்போது தெருவுக்குத் தெரு எங்கள் பிள்ளைகள் இருக்கிறார்கள். ஆனால் யாப்பு எழுதிய காலத்தில் அங்கே தமிழர் இல்லாதபடியால் லவாலுக்கு வட்டாரம் இல்லை. வட்டாரம் இல்லாதபடியால் தமிழ் வகுப்பும் இல்லை. நான்காம் வட்டாரத்துக்கு அறை இருக்கிறது, கரும்பலகை இருக்கிறது, நல்ல ஆசிரியை இருக்கிறார், பிள்ளை கிடையாது. ஆகவே லவால் பிள்ளைகள் சனிக்கிழமை காலையில் பஸ் பிடித்து, மெத்ரோ ரயில் ஏறி, ஜோன்-தலோனில் இறங்கி நீலத் தட ரயிலுக்கு மாறி, பிறகு பனியில் நடந்து அங்கே வந்து சேர்வார்கள். வந்து சேர்வதற்குள் பாதிப் பேருக்கு நித்திரை வந்துவிடும்.

ஒரு நாள் மெத்ரோவில் நிரோஜாவின் மகள், தாயின் மடியில் தலையை வைத்துக்கொண்டு பிரெஞ்சில் கேட்டாள்: ‘அம்மா, தமிழ் ஏன் இவ்வளவு தூரத்தில இருக்கு?’ நிரோஜாவுக்கு அழுகை வந்துவிட்டது. ஏற்கெனவே அயல் வீட்டுப் பிள்ளைகள் சிலர் நின்றுவிட்டார்கள். இந்தக் குளிர்காலமும் இப்படியே போனால் மற்றவர்களும் நின்றுவிடுவார்கள், தன் மகளும் நின்றுவிடுவாள் என்று அவளுக்குத் தெரிந்தது. சிரிக்கச் சிரிக்க எழுதிக்கொண்டு வருகிற எனக்கும் இந்த இடத்தில் கொஞ்சம் கோபம் வரத்தான் செய்கிறது.

நிரோஜா பேரவைக் கூட்டத்துக்குப் போய், நான்காம் வட்டாரத்தைக் கலைத்து லவாலுக்கு இடம் கொடுக்கும்படி கேட்டாள். ஆனந்தராசா புன்னகையோடு எழுந்தார்.

‘நாலாம் வட்டாரத்து வகுப்பில பிள்ளையள் இருக்கினம்தானே? வட்டாரம் உயிரோட இருக்கு எண்டதுக்கு வேற என்ன சாட்சி வேணும்?’

‘அங்கிள், அந்தப் பிள்ளையள் எல்லாரும் லவால்.’

‘எங்க இருந்து வந்தா என்ன பிள்ளை, வாறது எங்கட வட்டாரத்துக்குத்தானே?’

ஒரு வட்டாரத்தைக் கலைப்பதானால் அந்த வட்டாரப் பிரதிநிதியின் சம்மதம் வேண்டும் என்று யாப்பில் ஒரு விதி வேறு இருந்தது. எழுதியவர்கள் நல்ல மனத்தோடுதான் எழுதினார்கள். சுகமாக உட்கார்ந்திருப்பவன் தானாக எழும்பமாட்டான் என்று அவர்களுக்குத் தோன்றவில்லை.

அதன்பிறகு ஒரு பிறந்தநாள் விழாவில், நிரோஜாவுக்கு ஆனந்தராசாவின் எதிரே இடம் கிடைத்தது. மற்றவர்கள் எழுந்து ஓடிவிட்டார்கள். அவள்தான் சோறு, சொதி, கத்தரிக்காய் எல்லாவற்றையும் கடைசிவரை பார்த்தாள். மான்செஸ்டர் வந்த இடத்தில் அவள் சாப்பிடுவதை நிறுத்திவிட்டாள்.

‘அங்கிள், இந்தக் கதையை வாற பொதுக்கூட்டத்தில சொல்லுவியளோ? சனம் எல்லாம் கேக்கவேணும்.’

ஆனந்தராசாவுக்குக் கண் பனித்தது. அந்தக் கதையை நிறுத்தச் சொல்லி அவரை எத்தனையோ பேர் கேட்டிருக்கிறார்கள். சொல்லச் சொல்லி ஒருவர் கேட்டது அதுதான் முதல் தடவை.

‘எவ்வளவு நேரம் தருவினம், பிள்ளை?’

‘நீங்கள் முடிக்கிற மட்டும்.’

புதுக் கழுத்துப்பட்டி வாங்கினார். குளியலறைக் கண்ணாடிக்கு முன் நின்று புயலை ஒத்திகை பார்த்தார். கூட்டத்தன்று காரில் போகும்போது, நெடுஞ்சாலை நெரிசலில் நின்ற நேரத்தில் ஜெகதீஸ்வரி கேட்டார்:

‘அந்தப் பிள்ளை ஏன் உங்களைக் கேட்டவள் எண்டு யோசிச்சனீங்களோ?’

‘வரலாறு தெரிஞ்ச ஆள் வேற ஆர் இருக்கினம்?’

‘ஓமோம்’ என்று சொல்லிவிட்டு ஜெகதீஸ்வரி கண்ணாடி வழியாக வெளியே பார்த்தார். தோள் மட்டும் குலுங்கியது.

மண்டபம் நிறைந்திருந்தது. பேரவைத் தலைவர் செபமாலை, வட்டார மாற்றம் பற்றிய நிரோஜாவின் பிரேரணை எடுக்கப்படுகிறது என்றும், அதன் முன்னுரையாக ஆனந்தராசா ஒரு வரலாற்று உரை நிகழ்த்துவார் என்றும் அறிவித்தார். இந்த இனத்தவர் தங்கள் பெயர் வரும்வரை எதையும் கேட்கமாட்டார்கள்; பெயர் வந்தபின் எதுவும் அவர்கள் காதில் விழாது. ஆகவே ‘பிரேரணை’ என்ற சொல் அவரைத் தொடாமலே போயிற்று.

பேச்சு அற்புதம். பொய் சொல்லக்கூடாது, நான் முன்வரிசைக்குப் பின்னால் இருந்து கேட்டவன். துறைமுகத்தை எழுப்பினார், புயலை ஊதினார், தேவாலயங்களைச் சரித்தார், வள்ளம் வலித்தார். ஊரெல்லாம் கடலுக்குள் கிடக்க இரண்டு பேர் கோட்டுப் போட்டுக்கொண்டு வெஸ்ட்மின்ஸ்டரில் போய் உட்கார்ந்த காட்சியை அவர் நடித்துக் காட்டியபோது சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. பத்திநாதர் எல்லோரையும்விட உரக்கச் சிரித்தார். ஒவ்வொரு சிரிப்புக்கும் ஆனந்தராசா ஓர் அங்குலம் உயர்ந்தார்.

‘ஆள் இல்லாத ஊருக்கு ரெண்டு பேர்! சனம் நிரம்பின மான்செஸ்டருக்கு ஒருத்தரும் இல்லை! இது நியாயமோ?’

‘இல்லை!’ என்றது மண்டபம்.

‘அந்தத் தொகுதியைக் கலைக்க வேணுமோ, வேண்டாமோ?’

‘கலைக்க வேணும்!’

‘அப்ப ஆதரிக்கிற ஆக்கள் கையைத் தூக்குங்கோ!’ என்று முழங்கி, முதல் ஆளாகத் தன் வலக்கையை வானத்தை நோக்கி உயர்த்தினார்.

மண்டபத்தில் எல்லாக் கைகளும் எழுந்தன. செபமாலை மூக்குக்கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு எழுந்தார். அவர் நேர்மையான மனிதர், யாரையும் ஏமாற்றி எதையும் நிறைவேற்ற விரும்பாதவர்.

‘ஆனந்தராசா அண்ணை, ஒரு விளக்கம். எங்கட பிரேரணைக்கும் உங்கட சம்மதம் வேணும். உங்கட கை டன்னிச்சுக்கு மட்டும்தானோ, நாலாம் வட்டாரத்துக்கும் சேர்த்தோ?’

ஆனந்தராசா நாலாபக்கமும் பார்த்தார். முதலில் கார் தரிப்பிடம் மனதில் வந்திருக்க வேண்டும், பிறகு கொண்டோ. பிறகு பத்திநாதர் மேல் பார்வை போய் நின்றது. பத்திநாதர் சங்கடத்தோடு தன் சப்பாத்தைப் பார்த்தார். நிரோஜாவின் மகள் கடைசி வரிசையில் நாற்காலியில் ஏறி நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். கையை இறக்கினால் இத்தனை நாள் சொன்ன கதை பொய். இறக்காவிட்டால் பதவி இல்லை. உள்ளதைச் சொன்னால், எனக்கு அவர்மேல் இரக்கமாக இருந்தது. உயர்த்திய கை மெல்லச் சரியத் தொடங்கியது.

அப்போது முன்வரிசையிலிருந்து ஜெகதீஸ்வரியின் குரல் வந்தது.

‘இஞ்சாருங்கோ, கை உளைஞ்சா மற்றக் கையால பிடிச்சுக்கொண்டு நில்லுங்கோ. இறக்கிப்போடாதேங்கோ.’

ஆனந்தராசா இடக்கையால் வலக்கையைப் பிடித்துக்கொண்டார்.

‘ரெண்டுக்கும்தான்’ என்றார். ‘ரெண்டுக்கும் சேர்த்துத்தான், தலைவர்.’

அந்தக் கைதட்டலை நான் மறக்கமாட்டேன். நிரோஜா ஓடிவந்து அவருடைய இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். அந்தக் குளிர்காலத்துக்குள்ளேயே லவாலில் ஒரு தேவாலயத்தின் நிலக்கீழ் மண்டபத்தில் வகுப்புத் தொடங்கிவிட்டது. நின்றுபோன பிள்ளைகளும் திரும்பி வந்தார்கள். நிரோஜாவின் மகள் நடந்தே போகிறாள், அதுவும் பிந்தித்தான் போகிறாள்.

ஆனந்தராசா என்ன ஆனார் என்றா கேட்கிறீர்கள்? இந்த இனத்தை அவ்வளவு இலேசாக எடைபோட்டு விட்டீர்களே! இரண்டு கிழமை எந்த விழாவிலும் தலைகாட்டாமல் இருந்தார். மூன்றாவது கிழமை ஒரு கல்யாண வீட்டில் ஒலிவாங்கியைப் பிடித்து, ‘நாலாம் வட்டாரத்தின்ர கடைசிப் பிரதிநிதி எண்ட வகையில...’ என்று தொடங்கினார். பிரதிநிதிகள் பலர் இருக்கலாம், கடைசிப் பிரதிநிதி ஒருவர்தானே இருக்க முடியும்? பதவி போனதில் அவருக்கு ஓர் அங்குலம் கூடியிருக்கிறது என்றே சொல்வேன். பத்திநாதரிடமும் ரோல்ஸ் பெட்டியோடு இப்போதும் போகிறார். வாக்குக் கேட்க ஒன்றுமில்லை, இருந்து கதைத்துவிட்டு வருகிறார். முன்னைவிட அதிக நேரம் இருக்கிறார் என்று கேள்வி.

போகட்டும். இதை வாசித்துக்கொண்டு வரும்போது உங்களுக்கு ஒருவருடைய முகம் நினைவுக்கு வந்திருக்கும். உங்கள் சங்கத்தில், உங்கள் அலுவலகத்தில், உங்கள் சொந்தத்துக்குள்ளேயே ஒருவர். ‘அச்சாக அவரேதான்’ என்று சிரித்துக்கூட இருப்பீர்கள். யாருக்கு இதை அனுப்பிவைக்கலாம் என்று கைத்தொலைபேசியைக் கையில் எடுத்தும் இருப்பீர்கள். அனுப்புங்கள், நான் தடுக்கவில்லை. ஆனால் ஒன்று: டன்னிச் கதையைச் சொன்ன ஒவ்வொரு தடவையும் ஆனந்தராசாவுக்கு நினைவு வந்ததும் மற்றவர்களின் முகம்தான்.